இரத்தம் நிற்காத கிராமத்தைப் பதிவு செய்த வைத்தியர் அஸ்ஸஹ்ராவி

உயர்தர வகுப்பில் இஸ்லாமிய நாகரிகம் படித்த எவருக்கும் அபுல் காசிம் அஸ்ஸஹ்ராவியின் பெயர் தெரிந்திருக்கும். சத்திர சிகிச்சையின் முன்னோடி, சுமார் 200 கருவிகளை வரைந்து காட்டியவர், ஐரோப்பியர் அல்புகாசிஸ் என்று அழைத்தவர். இப்படி நான்கு வரிகளைப் பரீட்சைத் தாளில் எழுதிவிட்டு அடுத்த கேள்விக்குப் போய்விடுகிறோம். அந்தப் பாடத்தைப் பல வருடங்கள் படிப்பித்தவன் என்ற வகையில், பாடப் புத்தகங்கள் தொடாமல் விட்ட ஒரு பக்கத்தைப் பற்றி எழுத வேண்டும் என்று நீண்ட நாட்களாக நினைத்திருந்தேன். அவருடைய பெரும் நூலில் சில வரிகளே வரும் அந்தக் குறிப்பு, இரத்தப்போக்கு நிற்காமல் மரணித்த ஒரு கிராமத்து ஆண்களைப் பற்றியது. இன்று ஹீமோபீலியா என்று நாம் அழைக்கும் பரம்பரை நோயைப் பற்றி வைத்திய நூலொன்றில் எழுதப்பட்ட மிகப் பழைய விவரணமாக வரலாற்றாசிரியர்கள் அதைக் கருதுகிறார்கள். ஆண் பிள்ளைகளுக்குச் சுன்னத்துச் செய்யும் சமூகமான எமக்கு அந்தச் சில வரிகளோடு நேரடித் தொடர்பு இருக்கிறது.

அவருடைய முழுப் பெயர் அபுல் காசிம் கலஃப் இப்னு அப்பாஸ் அஸ்ஸஹ்ராவி. மதீனத்து அன்சாரிகளின் வழிவந்த குடும்பம். ஸ்பெயினின் குர்துபா நகருக்கு மேற்கே சில மைல் தூரத்தில் கலீஃபா மூன்றாம் அப்துர் ரஹ்மான் கட்டிய மதீனத்துஸ் ஸஹ்ராதான் அவருடைய ஊர். அந்த நகரின் கட்டுமானம் 936ஆம் ஆண்டு ஆரம்பமானது. அவர் பிறந்ததும் அதே காலப்பகுதி என்றே சொல்லப்படுகிறது. ஊரின் பெயரே அவருடைய பெயராகிவிட்டது.

அவர் வளர்ந்த காலத்தில் குர்துபா எப்படி இருந்தது என்பதையும் கவனிக்க வேண்டும். பைசாந்தியப் பேரரசரிடமிருந்து கலீஃபாவுக்கு டயஸ்கொரிடிஸின் மூலிகை நூல் கிரேக்க மொழியில் பரிசாக வந்தது. அதை வாசித்து விளக்க நிக்கொலஸ் என்ற கிறிஸ்தவத் துறவி 951இல் குர்துபாவுக்கு வந்து சேர்ந்தார். ஹஸ்தாய் இப்னு ஷப்ரூத் என்ற யூத வைத்தியரும் முஸ்லிம் வைத்தியர்களும் அவரோடு ஒன்றாக உட்கார்ந்து, மருந்துச் செடிகளின் கிரேக்கப் பெயர்களுக்குச் சரியான அரபுப் பெயர்களைத் தேடினார்கள். பின்னர் 961 முதல் 976 வரை ஆட்சி செய்த இரண்டாம் ஹகம் புத்தகங்களைச் சேர்ப்பதில் பெரும் மோகம் கொண்டவர். ஸஹ்ராவி அவருடைய அரசவை வைத்தியராக இருந்தார் என்று மரபாகச் சொல்லப்படுகிறது.

அவருடைய வாழ்க்கையைப் பற்றி அவர் காலத்தவர்கள் எழுதி வைத்தவை மிகக் குறைவு. அந்தலூசிய அறிஞர்களின் வரலாற்றைத் தொகுத்த அல்ஹுமைதி, ஸஹ்ராவி மறைந்து பல பத்தாண்டுகள் கழிந்த பின்னரே சில வரிகளில் அவரைக் குறிப்பிடுகிறார். அதே குர்துபாவில் பிறந்த இமாம் இப்னு ஹஸ்ம் அவருடைய நூலை உயர்வாகப் பேசியிருக்கிறார். ஆகவே மனிதரை அறிய வேண்டுமானால் அவருடைய நூலைத்தான் திறக்க வேண்டும்.

அந்த நூல் கிதாபுத் தஸ்ரீஃப். முப்பது பாகங்களைக் கொண்டது. கி.பி. 1000ஆம் ஆண்டளவில், ஏறத்தாழ அரை நூற்றாண்டு அனுபவத்தின் பின்னர் அதை முடித்தார். நோய்கள், மருந்துக் கலவைகள், உணவு, மகப்பேறு, பல் வைத்தியம் என்று எல்லாம் அதில் உண்டு. முப்பதாவது பாகம் முழுவதும் சத்திர சிகிச்சை. தன் மாணவர்களைப் பிள்ளைகள் என்றே அதில் அழைக்கிறார். ஆனால் பிள்ளைகளைக் கண்டிக்கும் தகப்பனைப் போல அவர்களைக் கடுமையாக எச்சரிக்கவும் செய்கிறார். உடற்கூறு தெரியாமல் கத்தியைத் தொடுபவன் ஆளைக் கொன்றுவிடுவான் என்பதே அவருடைய எச்சரிக்கையின் சாரம். அதற்கு அவர் காட்டும் உதாரணங்கள் கண்ணால் கண்டவை. ஒரு பெண்ணின் கழுத்தில் இருந்த கட்டியை அறிவற்ற வைத்தியன் ஒருவன் வெட்டப் போய், நாடியையும் சேர்த்து வெட்டிவிட்டான். அந்தப் பெண் அவன் முன்னாலேயே இரத்தம் வடிந்து இறந்தாள்.

இன்னொரு சம்பவம் மகிழ்ச்சியானது. கழுத்தில் கத்திக் காயம் பட்ட ஒரு பணிப்பெண்ணைப் பார்க்க அவரை அழைக்கிறார்கள். சுவாசக் குழாய் வெட்டுப்பட்டிருந்தது. ஆனால் பெரிய நாடி எதுவும் அறுபடவில்லை என்பதைக் கவனித்து, காயத்தைத் தைத்து, பல நாட்கள் கவனித்துச் சுகப்படுத்துகிறார். குரல் கொஞ்சம் கரகரப்பானதைத் தவிர அவளுக்கு வேறு குறை இருக்கவில்லை. ஒரே இடத்தில் பட்ட இரண்டு காயங்கள். ஒருத்தி இறந்தாள், மற்றவள் பிழைத்தாள். இரத்தம் எங்கிருந்து வருகிறது என்பதை வைத்தியர் அறிந்திருப்பதுதான் வித்தியாசம் என்பது அவருடைய பாடம்.

நாடியிலிருந்து பீறிடும் இரத்தத்தை நிறுத்த அவர் நான்கு வழிகளைச் சொல்கிறார். சூட்டுக்கோலால் சுடுவது, பாதி அறுந்த நாடியை முழுதாக அறுத்துவிடுவது, பலமான நூலால் கட்டிவிடுவது, இரத்தத்தை நிறுத்தும் மருந்துகளை வைத்து இறுகக் கட்டுப்போடுவது. நாடியை நூலால் கட்டும் முறையை ஐரோப்பாவில் 16ஆம் நூற்றாண்டில் பிரபலப்படுத்திய அம்ப்ருவாஸ் பாரேக்கு அது சுமார் 500 வருடங்கள் முந்தியது. வைத்தியரோ மருந்தோ பக்கத்தில் இல்லாத இடத்தில் என்ன செய்வது என்பதையும் அவர் மறக்கவில்லை. விரலை வைத்து அழுத்திப் பிடித்துக்கொண்டு, மிகக் குளிர்ந்த நீரை மேலே ஊற்றிக்கொண்டிருக்கச் சொல்கிறார். இரத்தம் கசியும்போது அழுத்திப் பிடி, குளிர்ச்சி வை என்று இன்றைய முதலுதவிப் பாடங்களிலும் சொல்லித் தருகிறார்கள்.

இவ்வளவு அறிந்த ஒருவர்தான் அந்தக் கிராமத்தின் முன்னால் திகைத்து நின்றார். அங்கே ஆண்களுக்குக் காயம் பட்டால் இரத்தம் நிற்பதில்லை, உயிர் போகும்வரை ஓடிக்கொண்டே இருக்கும். ஒரு சிறுவன் கையால் தன் முரசைத் தேய்த்திருக்கிறான், அதிலிருந்து கசிந்த இரத்தமே அவனைக் கொன்றது. இன்னொருவருக்கு இரத்தம் குத்தி எடுப்பவர் ஒரு நாளத்தைத் திறந்திருக்கிறார், அதுவும் நிற்கவில்லை, அவரும் இறந்துபோனார். இப்படி அவர்களில் பெரும்பாலோர் இரத்தப்போக்கினாலேயே மரணிக்கிறார்கள் என்று எழுதிவிட்டு, அந்தக் கிராமத்தைத் தவிர வேறெங்கும் இதைக் கண்டதில்லை என்கிறார். முன்னோர்களின் நூல்களிலும் இதைப் பற்றி எதுவும் இல்லை என்கிறார். காரணம் தனக்குத் தெரியாது என்கிறார். இரத்தம் வரும் இடத்தை உடனே சூடு வைத்து நிறுத்தலாம் என்று தோன்றுவதாகவும், அதைத் தான் செய்து பார்த்ததில்லை என்றும் எழுதி வைக்கிறார்.

எமது மேடைகளில் இந்தக் குறிப்பைப் பற்றிப் பேசுபவர்கள், நோய் தாய் வழியாக மகனுக்கு வருவதையே ஸஹ்ராவி கண்டுபிடித்துவிட்டார் என்று ஒரு படி மேலே போய்ச் சொல்வதுண்டு. அவருக்கு இப்படிக் கூட்டிக் கொடுக்கப்படும் பெருமை தேவையில்லை என்பது எனது கருத்து. அவர் பதிவு செய்தது ஒரு கிராமத்து ஆண்களிடம் கண்டதை. அவருடைய உண்மையான பெருமை அந்தப் பதிவின் நேர்மையில் இருக்கிறது. அரை நூற்றாண்டு வைத்தியம் செய்து, முப்பது பாகங்கள் எழுதியவர், தனக்குத் தெரியாததைத் தெரியாது என்று எழுதினார். செய்து பார்க்காத சிகிச்சையைச் செய்து பார்த்ததாகச் சொல்லவில்லை. ஏழைக் கிராமத்தவர்களின் மரணத்தை விதி என்றோ சாபம் என்றோ ஒதுக்கிவிடவும் இல்லை. பின்னால் வருபவர்கள் தேடட்டும் என்று விட்டுச் சென்றார்.

தேடல் நீண்டது. 1803இல் அமெரிக்க வைத்தியர் ஜோன் ஒட்டோ, இரத்தம் நிற்காத ஆண்கள் உள்ள ஒரு குடும்பத்தைப் பற்றி எழுதி, நோய் ஆண்களுக்கு வருகிறது, ஆனால் சுகமாக இருக்கும் பெண்கள் வழியாகக் கடத்தப்படுகிறது என்று தெளிவாக்கினார். ஹீமோபீலியா என்ற பெயர் 1828இல் பயன்பாட்டுக்கு வந்தது. விக்டோரியா மகாராணியின் மகன் லியோபோல்ட் 1884இல் இந்த நோயினால் இறந்தார். ரஷ்யாவின் கடைசிச் சார் மன்னரின் மகனுக்கும் இருந்தது இதுதான். ஸஹ்ராவி கண்ட குடியானவர்களின் நோய் அரண்மனைகளுக்குள்ளும் இருந்திருக்கிறது. 1926இல் எரிக் வொன் வில்லிபிராண்ட் என்ற பின்லாந்து வைத்தியர், பெண்களையும் ஆண்களையும் ஒரேபோலப் பாதிக்கும் வேறொரு பரம்பரை இரத்தப்போக்கு நோயை விவரித்தார். அது இன்று அவருடைய பெயரால் அழைக்கப்படுகிறது.

எங்கள் வயல்வெளிகளில் எல்லோரும் அஞ்சும் கண்ணாடி விரியனுக்கும் இந்த வரலாற்றில் ஓர் இடம் உண்டு. அது தீண்டினால் இரத்தத்தின் உறையும் சக்தி கெட்டுவிடும். பாம்பு கடித்தவரின் இரத்தத்தைக் கண்ணாடிக் குழாயில் எடுத்து 20 நிமிடம் வைத்துப் பார்ப்பது எமது வைத்தியசாலைகளில் வழமையான பரிசோதனை. அதே விஷம், ஒரு குழாயில் எடுத்த இரத்தத்தில் சிறிதளவு சேர்ந்தால் அதை மிக வேகமாக உறைய வைக்கும். 1934இல் லண்டனில் மக்ஃபார்லேன், பார்னெட் என்ற இருவர் அந்த விஷத்தை மிக நீர்த்த அளவில் ஹீமோபீலியா நோயாளரின் காயத்தின் மேல் வைத்து இரத்தத்தை நிறுத்திக் காட்டினார்கள்.

இரத்தம் உறைவதை எமது கரைவலையோடு ஒப்பிட்டுப் பார்க்கலாம். கயிற்றைப் பிடித்து வரிசையாக நின்று இழுப்பவர்களில் ஒருவர் கையை விட்டால் அவருக்குப் பின்னால் உள்ளவர்களின் பலம் வலைக்குப் போய்ச் சேராது. இரத்தத்தில் உள்ள உறைதல் காரணிகளும் அப்படி ஒன்றையொன்று இழுத்துக் கொடுத்து, கடைசியில் காயத்தின் மேல் ஒரு வலையைப் பின்னுகின்றன. எட்டாவது காரணி குறைந்தால் ஹீமோபீலியா ஏ. ஏறத்தாழ 5,000 ஆண் குழந்தைகளில் ஒருவருக்கு அது வருகிறது. ஒன்பதாவது காரணி குறைந்தால் ஹீமோபீலியா பி. அது இன்னும் அரிது. அந்தக் காரணியைப் பாதுகாப்பாக ஊசி மூலம் கொடுத்தால் இரத்தம் நிற்கும். வேலூர் கிறிஸ்தவ மருத்துவக் கல்லூரி இன்னும் ஒரு படி மேலே சென்று, கடுமையான ஹீமோபீலியா ஏ உள்ள ஐந்து பேருக்கு அவர்களுடைய சொந்தக் குருத்துக் கலங்களில் சரியான மரபணுவைச் சேர்த்துச் சிகிச்சை அளித்தது. 2024 டிசம்பரில் அந்த முடிவு வெளியானபோது, சிகிச்சைக்குப் பின் ஐவரில் ஒருவருக்கும் இரத்தப்போக்கு ஏற்பட்டிருக்கவில்லை.

இனி எங்கள் ஊர்களுக்கு வருவோம். கல்முனை, சாய்ந்தமருது, மருதமுனை, நிந்தவூர், அக்கரைப்பற்று என்று இந்தக் கரையோரம் முழுவதும் எமது குடி தாய்வழியில் வருகிறது. இன்ன குடி, இன்ன வயிற்றுவார் என்று மூத்தம்மாமார்கள் நான்கு தலைமுறையைச் சொல்வார்கள். ஹீமோபீலியாவின் மரபணு பயணிப்பதும் பெரும்பாலும் இதே பாதையில்தான். அதைக் காவும் தாயின் ஒவ்வொரு மகனுக்கும் நோய் வரப் பாதிக்குப் பாதி வாய்ப்பு. ஒவ்வொரு மகளும் அதைக் காவப் பாதிக்குப் பாதி வாய்ப்பு. நோயுள்ள தகப்பனிடமிருந்து மகனுக்கு வராது, ஆனால் மகள்மார் அனைவரும் காவுவார்கள். ஆகவே ஒரு பிள்ளையைப் பற்றி அறிய உம்மாவின் சகோதரர்களையும், சாச்சி, பெரியம்மாவின் ஆண் மக்களையும் விசாரிக்க வேண்டும். வேறெந்த ஊராரைவிடவும் இந்த விசாரணையை இலகுவாகச் செய்யக்கூடியவர்கள் நாம்தான்.

ஆனால் நாம் அதைச் செய்வதில்லை. காரணம் எல்லோருக்கும் தெரியும். வீட்டில் குமர் இருக்கும்போது குடும்பத்தில் நோய் இருக்கிறது என்று வெளியில் சொல்ல எவரும் விரும்புவதில்லை. மாமா ஒருவர் பல் பிடுங்கிய பின் இரத்தம் நிற்காமல் மௌத்தானார் என்ற செய்தி மூன்றாம் நாளோடு அடங்கிவிடுகிறது. மறைப்பதனால் காப்பாற்றப்படுவது குடும்பத்தின் பெயர். ஆபத்தில் விடப்படுவது அடுத்த பிள்ளையின் உயிர். இதில் தாயைக் குற்றம் சொல்ல எவருக்கும் உரிமை இல்லை. மரபணுவை அவள் தெரிவு செய்யவில்லை. மூன்றில் ஒரு பங்கு நோயாளர்களுக்குக் குடும்பத்தில் முன்னர் எவருக்கும் நோய் இருந்திருக்காது, அது புதிதாகத் தோன்றுவது. நெருங்கிய உறவில் திருமணம் செய்ததால்தான் ஹீமோபீலியா வந்தது என்று சொல்வதும் சரியல்ல. வேறு சில அரிய இரத்தப்போக்கு நோய்களுக்குத்தான் அந்தத் தொடர்பு இருக்கிறது.

ஸஹ்ராவியின் நூலில் ஆண் பிள்ளைகளுக்குச் சுன்னத்துச் செய்வதைப் பற்றியும் ஓர் அத்தியாயம் உண்டு. கிரேக்க நூல்களில் இதைக் காண முடியாது, அவர்களுடைய மார்க்கத்தில் இது இல்லை, ஆகவே அனுபவத்தால் கற்றதையே எழுதுகிறேன் என்ற கருத்தில் தொடங்குகிறார். அவர் காலத்தில் சவரக் கத்தியாலும் வேறு வழிகளிலும் செய்தவர்கள் இருந்தார்கள். நூலால் கட்டிக் கத்தரிக்கோலால் வெட்டுவதே சிறந்தது என்று அவர் முடிவு செய்தார். பிள்ளையைச் சிரிக்க வைத்துச் சந்தோசப்படுத்த வேண்டும், கத்தரிக்கோலை அவன் கண்ணில் படாமல் மறைத்துக்கொள்ள வேண்டும் என்று எழுதும்போது அந்த வைத்தியரின் மென்மை தெரிகிறது. பின்னர் இரத்தம் வந்தால் என்ன செய்வது என்பதையும் சொல்கிறார்.

சுன்னத்தும் இரத்தம் நிற்காத நோயும் சந்திக்கும் இடத்தைப் பற்றி யூத மார்க்க அறிஞர்கள் கி.பி. 2ஆம் நூற்றாண்டிலேயே பேசியிருக்கிறார்கள். இரண்டு சகோதரர்கள் அதனால் இறந்திருந்தால் மூன்றாவது பிள்ளைக்குச் செய்யக்கூடாது என்றார்கள். குர்துபாவில் 1138 அளவில் பிறந்து, பிற்காலத்தில் எகிப்தில் வைத்தியராக வாழ்ந்த இப்னு மைமூன், அந்த இரு பிள்ளைகளும் வெவ்வேறு தகப்பன்மாருக்குப் பிறந்திருந்தாலும் தாய் ஒருத்தியாக இருந்தால் சட்டம் அதுதான் என்று எழுதினார். எமது ஷாஃபிஈ மத்ஹபில் சுன்னத்து வாஜிபாக இருந்தும், பிள்ளை அதைத் தாங்கும் நிலையில் இல்லை என்றால் தாங்கும் நிலை வரும்வரை பிற்படுத்த வேண்டும் என்பதே இமாம்களின் தீர்ப்பு. உயிரைக் காப்பது ஷரீஆவின் அடிப்படை நோக்கங்களில் ஒன்று.

முன்னர் ஒஸ்தாமார் வீட்டுக்கு வந்து செய்தார்கள். இன்று பெரும்பாலோர் வைத்தியரிடம் போகிறார்கள். எங்கே செய்தாலும் மூன்று கேள்விகளை முதலில் கேளுங்கள். உம்மாவின் வழியில் ஆண்கள் எவராவது இரத்தம் நிற்காமல் கஷ்டப்பட்டார்களா, இறந்தார்களா? இந்தப் பிள்ளைக்குத் தடுப்பூசி போட்ட இடத்தில் பெரிய வீக்கம், தவழும்போது காரணமில்லாத கண்டல், முரசிலிருந்து நீண்ட நேரம் இரத்தம் என்று ஏதாவது இருந்ததா? நடக்கத் தொடங்கிய பின் முழங்கால், கணுக்கால் மூட்டுகள் அடிபடாமலே வீங்கினவா? ஒன்றுக்காவது ஆம் என்றால் சுன்னத்தை நிறுத்தி வைத்து, அரச வைத்தியசாலையில் காட்டி, இரத்தம் உறைதல் பரிசோதனைகளைக் கேட்க வேண்டும். நோய் இலேசானதாக இருந்தால் சாதாரணப் பரிசோதனையில் தெரியாமல் போகலாம். எனவே குருதியியல் வைத்திய நிபுணரிடம் அனுப்பும்படி கேட்பதில் தவறில்லை. நோய் இருப்பது உறுதியானாலும் சுன்னத்து முடியாத காரியம் அல்ல. வேண்டிய காரணியைக் கொடுத்து, வைத்தியசாலையில், நிபுணரின் மேற்பார்வையில் செய்யலாம். அப்படிப்பட்ட பிள்ளைக்கு எஸ்பிரின், ஐபுபுரூஃபன் போன்ற மருந்துகளை வீட்டில் கொடுக்கக்கூடாது. தசையில் ஊசி போடுவதற்கு முன்பும் பல் பிடுங்குவதற்கு முன்பும் நோயைச் சொல்ல வேண்டும்.

பெண் பிள்ளைகளையும் மறந்துவிடக்கூடாது. மாதவிடாய் ஒவ்வொரு முறையும் அளவுக்கு மீறிப் போகிறது, பிரசவத்தில் இரத்தம் அடங்கவில்லை என்றால் பெண்களின் உடம்பு அப்படித்தான் என்று விட்டுவிடுகிறோம். வொன் வில்லிபிராண்ட் நோயாகவோ, ஹீமோபீலியாவைக் காவுபவராகவோ அவர் இருக்கக்கூடும். அதற்கும் மருந்து உண்டு.

ஸஹ்ராவியின் கடைசிக் காலம் துயரமானது. 1009இல் குர்துபாவில் உள்நாட்டுக் கலகம் வெடித்தது. அடுத்த வருடம் அவர் பிறந்த மதீனத்துஸ் ஸஹ்ரா சூறையாடப்பட்டது. பல பத்தாண்டுகளில் எழுந்த அரண்மனை நகரம் இடிபாடாயிற்று. 1013 அளவில் அவரும் மரணித்தார். நகரம் போனாலும் நூல் தப்பியது. 12ஆம் நூற்றாண்டில் தொலேதோவில் கிரெமோனாவின் ஜெரார்ட் அதன் சத்திர சிகிச்சைப் பாகத்தை லத்தீனில் மொழிபெயர்த்தார். 1465இல் துருக்கியின் ஷரஃபுத்தீன் சாபுன்ஜிஓக்லு அதைத் தழுவிப் படங்களோடு துருக்கி மொழியில் எழுதினார். 1497இல் வெனிஸ் நகரில் அது அச்சேறியது.

அந்தக் கிராமத்தின் பெயரோ, முரசைத் தேய்த்து இறந்த சிறுவனின் பெயரோ எவருக்கும் தெரியாது. ஒரு வைத்தியர் வெட்கப்படாமல், மறைக்காமல் எழுதி வைத்ததால்தான் ஆயிரம் வருடங்களுக்குப் பின்னரும் அந்தச் சிறுவனைப் பற்றி நாம் பேசுகிறோம். அடுத்த விடுமுறையில் சுன்னத்துக்கு நாள் குறிக்கும் வீடுகளில், பந்தலுக்கும் பிரியாணிக்கும் ஆள் தேடுவதற்கு முன்னர், மூத்தம்மாவிடம் அந்த மூன்று கேள்விகளையும் கேளுங்கள். வல்ல அல்லாஹ் எமது பிள்ளைகளைப் பாதுகாப்பானாக.